ஐந்தாண்டு உத்தரவாதம், ஒன்பதாண்டுக் கடன்

நியாலாஸ் பக்கம் ஒருவர் பெரிய காடி வாங்கப் போவதாகச் சொன்னதும் சுற்றியிருப்பவர்கள் முதலில் கேட்பது விலையை அல்ல. "அந்த மாடல் தொல்லை கொடுக்குமாமே?" என்பதைத்தான். ஆசாஹானில் ஒருவர், செலாண்டாரில் ஒருவர், ஜாசின் பட்டணத்தில் மனைவி வழிச் சொந்தம் ஒருவர் என்று அதே மாடலை வைத்திருப்பவர்களைத் தேடி விசாரணை நடக்கும். ஒருவர், "மூணு வருஷமாச்சு, எண்ணெய் மாத்தினதோட சரி" என்பார். இன்னொருவர், "கியர்பாக்ஸ் போயிடுச்சு, ஒரு மாசம் பட்டறையில கிடந்தது" என்பார். இவர்களில் யாருடைய குரல் ஓங்குகிறதோ அதன்படி ஒரு லட்சம் வெள்ளிக்கு மேற்பட்ட முடிவு எடுக்கப்படுகிறது. கேள்வி நியாயமானதுதான். ஆனால் தெரிந்தவர்கள் நாலைந்து பேரால் பதில் சொல்ல முடியாத கேள்வி அது. பழுதைவிடப் பல மடங்கு பெரிய செலவுகள் வேறு இருக்கின்றன. அவற்றை யாரையும் கேட்காமல் தாளும் பேனாவும் வைத்துக்கொண்டே கண்டுபிடித்துவிடலாம். அவற்றைத்தான் நாம் கேட்பதேயில்லை.

முதலில் இந்த வண்டி என்ன வகை என்று பார்ப்போம். தோட்டத்து நிர்வாகிகள் ஓட்டிய பழைய லேண்ட் ரோவரும் இன்று செம்மண் பாதையில் ஓடும் ஹைலக்ஸும் ஏணிபோன்ற இரும்புச் சட்டத்தின் மேல் உடலை ஏற்றிப் பூட்டிய வண்டிகள். நாம் பேசும் பெரிய காடி, அதாவது கிராஸ்ஓவர், அந்தச் சாதியல்ல. சட்டமும் உடலும் ஒன்றேயான சாதாரணக் காரை உயர்த்தி, அகலப்படுத்தி, ஜீப்பின் முகத்தை வைத்திருக்கிறார்கள். 2018 டிசம்பரில் வந்த புரோட்டோன் எக்ஸ்70, 2023 மே மாதம் 123,800 வெள்ளித் தொடக்க விலையில் வந்த எக்ஸ்90, மாஸ்டா சிஎக்ஸ்-8, ஹோண்டா சிஆர்-வி எல்லாம் இந்த வகைதான். சிஆர்-வி நம் மலாக்கா மாநிலத்திலேயே, அலோர் காஜா மாவட்டத்துப் பெகோவில் உள்ள ஆலையில் பொருத்தப்பட்டு வெளியே வருகிறது. இந்த வண்டிகளின் எடை ஒன்றரை டன்னைத் தொட்டோ தாண்டியோ நிற்கும். பலவற்றில் எஞ்சின் மட்டும் சிறியது. ஆறேழு பேர் உட்காரும் எக்ஸ்90-இன் எஞ்சின் 1.5 லிட்டர், மூன்றே சிலிண்டர்; டர்போவும் 48 வோல்ட் உதவி மோட்டாரும் சேர்ந்துதான் அந்த உடலை இழுக்கின்றன. இதற்குச் சாலை வரியும் ஒரு காரணம். தீபகற்பத்தில் தனியார் பெயரில் உள்ள இவ்வகை வண்டிக்கு 1.5 லிட்டர் என்றால் ஆண்டுக்கு 120 வெள்ளி, 2.5 லிட்டர் என்றால் 830 வெள்ளியைத் தாண்டும். எஞ்சினின் கொள்ளளவுக்கு வரி போட்டால் தயாரிப்பாளர் கொள்ளளவைத்தான் குறைப்பார், எடையைக் குறைக்கமாட்டார். பெரிய உடலைச் சிறிய எஞ்சின் இழுக்க வேண்டுமானால் உள்ளே அழுத்தமும் வெப்பமும் கூடியே தீரும். பழுதைப் பற்றிய பேச்சில் பாதி இங்கிருந்துதான் தொடங்குகிறது.

இப்போது அந்த விசாரணைக்கு வருவோம். ஒரு மாடலில் நூற்றுக்கு மூன்று வண்டிகளுக்கு முதல் ஐந்து ஆண்டுகளுக்குள் பெரிய கோளாறு வரும் என்று வைத்துக்கொள்வோம். உங்களுக்குத் தெரிந்து இருபது பேரிடம் அந்த மாடல் இருக்கிறது. ஒரு சிற்றூரில் இதுவே அதிகம். இருபது பேரில் ஒருவருக்கும் கோளாறு வராமலிருக்கும் வாய்ப்பு 0.97-ஐ இருபது முறை பெருக்கினால் கிடைப்பது: ஏறக்குறைய 54 விழுக்காடு. ஒருவருக்காவது வரும் வாய்ப்பு 46 விழுக்காடு. அதாவது, ஒரே ஆலையில் ஒரே தரத்தில் செய்த வண்டியைப் பற்றி நியாலாஸ் "தங்கமான காடி" என்றும் மெர்லிமாவ் "வாங்கிடாதீங்க" என்றும் தீர்ப்புச் சொல்வது ஏறத்தாழக் காசைச் சுண்டிப் போடுவதற்குச் சமம். கோளாறு இரண்டு மடங்காகி நூற்றுக்கு ஆறு ஆனாலும் இருபது பேரும் தப்பிக்கும் வாய்ப்பு 29 விழுக்காடு இருக்கிறது. ஆகவே "எனக்குத் தெரிஞ்சு யாருக்கும் ஒண்ணும் ஆகல" என்ற சொல் நல்ல வண்டியையும் அதைவிட இரு மடங்கு மோசமான வண்டியையும் பிரித்துக் காட்டுவதில்லை. இருபதில் ஒன்றும் பழுதாகவில்லை என்பதிலிருந்து புள்ளியியலாளர் உறுதியாகச் சொல்லத் துணிவதெல்லாம், உண்மையான கோளாறு விகிதம் அநேகமாக 15 விழுக்காட்டுக்கு மேல் இருக்காது என்பது மட்டுமே. அவ்வளவு தளர்வான வேலிக்குள் நல்ல வண்டியும் மேயலாம், கெட்ட வண்டியும் மேயலாம்.

எண்ணிக்கை சிறியது என்பது ஒரு குறை. சொல்பவர் நடுநிலையில் இல்லை என்பது இன்னொன்று. 1956-இல் அமெரிக்க உளவியலாளர் ஜாக் பிரேம் ஒரு சோதனை செய்தார். வீட்டு உபயோகப் பொருள்கள் சிலவற்றுக்கு மதிப்பெண் போடச் சொல்லி, ஏறத்தாழச் சமமாகப் பிடித்த இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வைத்து, மீண்டும் மதிப்பெண் போடச் சொன்னார். தேர்ந்தெடுத்த பொருளின் மதிப்பெண் ஏறியது, விட்டுவிட்ட பொருளின் மதிப்பெண் இறங்கியது. பொருள்கள் மாறவில்லை, தேர்வு மட்டுமே நடந்திருந்தது. சாதாரண வீட்டுப் பொருளுக்கே இப்படி என்றால், ஒன்பது ஆண்டுத் தவணையில் கையெழுத்திட்டவர் தம் காடியைக் குறை சொல்வது எவ்வளவு கடினம்! மறுபுறம், பட்டறையில் ஒரு மாதம் வண்டி கிடந்தவர் அதைக் கல்யாண வீட்டிலும் சொல்வார், காரிய வீட்டிலும் சொல்வார். இடையில் உள்ள பெரும்பான்மையோர் பேசுவதேயில்லை. பெரிய அளவில் எடுக்கப்படும் கணக்கெடுப்புகளையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. ஜே.டி. பவர் நிறுவனத்தின் புகழ்பெற்ற நீடித்த உழைப்புப் பட்டியல் நூறு வண்டிகளுக்கு எத்தனை குறைகள் என்று எண்ணுகிறது. அதில் கைப்பேசி திரையோடு இணையவில்லை என்பதும் ஒரு குறை, கியர்பாக்ஸ் உடைந்தது என்பதும் ஒரு குறை. அண்மை ஆண்டுகளில் அங்கே மிகுதியாக எண்ணப்படுவன திரை, ஒலி, இணைப்பு சார்ந்தவைதாம்.

பட்டறைக்காரரைக் கேட்கலாமே, அவர் நூற்றுக்கணக்கான வண்டிகளைப் பார்த்தவராயிற்றே என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான மறுப்புதான், பாதி சரியும்கூட. அவர் பார்ப்பவை பழுதாகி வந்தவை. பழுதாகாமல் வீட்டு வாசலில் நிற்பவை அவர் கண்ணில் படுவதில்லை. எத்தனை வண்டிகளில் எத்தனை என்ற கேள்விக்கு அவரிடம் மேலெண் உண்டு, கீழெண் கிடையாது. ஊரில் மிகுதியாக விற்ற மாடல்தான் அவர் கொட்டகையில் மிகுதியாக நிற்கும். அது மோசமான மாடல் என்பதற்கு அது சான்றாகாது. ஆனால் எந்தப் பாகம், எத்தனை கிலோமீட்டரில், எப்படி ஓட்டியவருக்குப் போகிறது என்பது அவருக்குத் தெரியும். "இது நல்ல காடியா?" என்று அவரிடம் கேட்பது வீண். "இதில் முதலில் எது போகும், ஏன் போகும்?" என்று கேட்டால் பொறியியல் வகுப்பில் கிடைக்காத பாடம் கிடைக்கும்.

அந்த 'ஏன்' எவ்வளவு முக்கியம் என்பதற்கு நம் மாநிலத்தில் பொருத்தப்படும் சிஆர்-வியே சான்று. அதன் ஐந்தாம் தலைமுறை, 1.5 லிட்டர் டர்போ எஞ்சினுடன் 2017-இல் மலேசியாவுக்கு வந்தது. மறு ஆண்டே சீனாவின் வடபகுதிக் குளிரில் அதே வகை எஞ்சின்களில் எண்ணெய் மட்டம் குறைவதற்குப் பதிலாக ஏறத் தொடங்கியது. எண்ணெயில் பெட்ரோல் வாடை அடித்தது. ஹோண்டா அங்கே 3 லட்சத்துக்கும் மேற்பட்ட வண்டிகளைத் திரும்ப அழைக்க வேண்டியதாயிற்று. அமெரிக்காவில் எஞ்சின் உத்தரவாதத்தை நீட்டிக்க நேர்ந்தது. நடந்தது இதுதான். இந்த எஞ்சின்களில் பெட்ரோல் உள்ளிழுக்கும் குழாயில் அல்லாமல் நேராக சிலிண்டருக்குள்ளேயே மிகுந்த அழுத்தத்தில் பீய்ச்சப்படுகிறது. சிலிண்டர்ச் சுவர் குளிர்ந்திருந்தால் ஒரு பகுதி ஆவியாகாமல் சுவரில் படிந்து, பிஸ்டன் வளையங்களைத் தாண்டிக் கீழே எண்ணெய்த் தொட்டிக்குள் வழிகிறது. நெடுந்தூரம் ஓடினால் எண்ணெய் சூடேறி அந்தப் பெட்ரோல் ஆவியாகி வெளியேறிவிடும். கடைக்கும் வீட்டுக்குமாகச் சிறு சிறு ஓட்டமென்றால் அது தங்கிவிடும், எண்ணெய் நீர்த்துப்போகும். இங்கே கவனிக்க வேண்டியது, கோளாறு எஞ்சினுக்குள் மட்டும் இருக்கவில்லை. எஞ்சினின் வடிவம், காற்றின் குளிர், ஓட்டத்தின் நீளம் மூன்றும் கூடிய இடத்தில்தான் அது பிறந்தது. அதே வடிவ எஞ்சின் முப்பது பாகை வெயிலில் ஜாசின் டோலைத் தாண்டி நெடுஞ்சாலையில் தினமும் ஓடினால், அதற்கு வாய்க்கும் வாழ்க்கை வேறு. பனி விழும் ஊரில் ஒருவர் பட்ட பாட்டைப் படித்துவிட்டு இங்கே ஒரு மாடலை ஒதுக்குவதும், அங்கே ஒருவர் புகழ்ந்தார் என்று இங்கே வாங்குவதும் ஒரே பிழையின் இரு பக்கங்கள்.

வெயில் ஊர் என்பதால் நமக்குக் கவலையில்லை என்றும் நினைத்துவிடக் கூடாது. குட்டி ஓட்டத்தின் கேடு இங்கேயும் உண்டு. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் ஏறத்தாழ ஒரு லிட்டர் தண்ணீர் உண்டாகிறது. பெட்ரோலில் உள்ள ஹைட்ரஜன் காற்றின் ஆக்ஸிஜனோடு சேர்ந்தால் வேறென்ன ஆகும்? பெரும்பகுதி ஆவியாகப் புகைக்குழாய் வழியே போய்விடுகிறது. ஒரு சிறு பங்கு வளையங்களைத் தாண்டி எண்ணெய்க்குள் இறங்குகிறது. பிள்ளையைத் தமிழ்ப்பள்ளியில் இறக்கிவிட்டுத் திரும்பும் தூரத்தில் குளிரூட்டும் நீரின் முள் நடுவுக்கு வந்திருக்கும். ஆனால் எண்ணெய் அதைவிட மெதுவாகத்தான் சூடேறும். ஆண்டுக்கு 5,000 கிலோமீட்டர்தான் ஓடியது, எனவே எண்ணெய் மாற்றத் தேவையில்லை என்று கணக்குப் போடுபவரின் எஞ்சினுக்குள்தான் நீரும் பெட்ரோலும் கலந்த எண்ணெய் ஆண்டு முழுக்கக் கிடக்கிறது. சர்வீஸ் புத்தகத்தில் 'எது முந்துகிறதோ அது' என்று கிலோமீட்டரோடு மாதத்தையும் சேர்த்து எழுதியிருப்பது வியாபாரத் தந்திரம் என்று பலர் நம்புகிறார்கள். குறைவாக ஓட்டுபவருக்கு அந்த மாதக் கணக்குத்தான் உண்மையான கணக்கு. கியர்பாக்ஸின் கதையும் இதைப் போன்றதுதான். எக்ஸ்70 முதலில் சீனாவிலிருந்து முழு வண்டியாக வந்தபோது அதில் வழக்கமான தானியங்கி கியர்பாக்ஸ் இருந்தது. தஞ்சோங் மாலிமில் பொருத்தத் தொடங்கிய 2020 முதல் எண்ணெயில் மூழ்கிய இரட்டைக் கிளட்ச் வகைக்கு மாறியது. இரட்டைக் கிளட்ச் சீராக ஓடும் சாலையில் எரிபொருளைச் சேமிக்கும். நெரிசலில் அங்குலம் அங்குலமாக நகரும்போதும், மேட்டில் பிரேக்கை அழுத்தாமல் ஆக்சிலரேட்டராலேயே வண்டியைப் பிடித்து நிறுத்தும்போதும் கிளட்ச் தட்டுகள் உரசி வெப்பம் பிறக்கிறது. வெப்பம் பத்துப் பாகை ஏறினால் எண்ணெய் கெடும் வேகம் ஏறத்தாழ இரு மடங்காகும். ஒன்றரை டன்னுக்கு மேல் எடை, ஏழு பேர், கேமரன் மலைக்குப் போகும் வளைவுப் பாதை என்று சேர்த்துப் பாருங்கள். கியர்பாக்ஸின் ஆயுள் ஆலையில் பாதியும் ஓட்டுநரின் காலில் பாதியுமாக நிர்ணயமாகிறது.

சாலைக்கும் இதில் பங்கு உண்டு. செம்பனைக் குலை ஏற்றிய லாரிகள் ஓடும் பாதையில் குழிகள் ஏன் அத்தனை சீக்கிரம் விழுகின்றன என்பதற்கு 1950-களின் இறுதியில் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் நடத்திய சாலைச் சோதனை ஒரு விடை தந்தது. அச்சு தாங்கும் எடையின் ஏறத்தாழ நான்காம் அடுக்கில் சாலையின் தேய்மானம் ஏறுகிறது. பத்து டன் அச்சு ஒரு டன் அச்சைவிடப் பத்தாயிரம் மடங்கு கேடு செய்யும். குழியைத் தோண்டுவது லாரி. அதில் விழுந்து அடிபடுவது காடியின் புஷ். சஸ்பென்ஷன் கைகளும் எஞ்சினும் உடலோடு சேரும் இடங்களில் அதிர்வைத் தாங்கும் அந்த ரப்பர்த் துண்டுகள் இன்றும் பெரும்பாலும் இயற்கை ரப்பரே. இழுக்கும்போது அதன் நீண்ட மூலக்கூறுகள் வரிசையாக அமைந்து படிகமாகி, விரிசல் மேலும் ஓடாமல் தடுத்துவிடும் குணம் செயற்கை ரப்பர்களில் பெரும்பாலானவற்றுக்கு வாய்க்கவில்லை. மலாயாவின் முதல் வணிக ரப்பர்த் தோட்டக்காரராகக் கருதப்படும் டான் சே யான் 1890-களில் புக்கிட் லிந்தாங்கிலும் பிறகு நியாலாஸுக்கு அருகேயுள்ள புக்கிட் ஆசாஹானிலும் நட்ட மரத்தின் பாலுக்கு, டயரைத் தவிர மோட்டார் உலகம் கொடுத்திருக்கும் நிரந்தர வேலை இது. அந்த ரப்பருக்கு எதிரிகள் மூன்று: வெப்பம், ஓசோன், எண்ணெய்க் கசிவு. கனத்த காடியில் புஷ் சீக்கிரம் போவது பழுதல்ல, தேய்மானம். 18, 19 அங்குலச் சக்கரத்தில் டயரின் பக்கச் சுவர் மெல்லியதாக இருப்பதால் குழியின் அடி அப்படியே மேலே ஏறுகிறது. வாசலில் பார்க்க அழகாயிருக்கும் அந்தச் சக்கரம்தான் டயர் மாற்றும் நாளிலும் அதிகம் கேட்கும்.

இனி நிச்சயமான செலவுகளுக்கு வருவோம். நின்ற வண்டியை 60 கிலோமீட்டர் வேகத்துக்குக் கொண்டுவரத் தேவையான ஆற்றல் எடைக்கு நேர் விகிதம்; 1,800 கிலோ வண்டிக்கு 250 கிலோஜூல், 1,000 கிலோ வண்டிக்கு 139. கம்பத்துச் சாலையின் ஒவ்வொரு மேட்டுத் தடுப்பிலும் அதைப் பிரேக்கில் வெப்பமாக வீணாக்கிவிட்டு மறுபடி சேர்க்கிறோம். நெடுஞ்சாலையில் எதிரி எடையல்ல, காற்று. காற்றின் தடை வேகத்தின் இருபடியில் ஏறும். உயரமும் அகலமும் கூடிய வண்டியின் முகம் அதை இன்னும் பெருக்கும். 110 கிலோமீட்டர் வேகத்தில் பெரிய கிராஸ்ஓவர் சுமார் 500 நியூட்டன் காற்றுத் தடையைத் தள்ளிக்கொண்டு போகிறது என்றால் சிறிய காருக்கு அது 350 அளவில் இருக்கும். எந்தச் சர்வீஸ் மையமும் எந்த நல்ல எண்ணெயும் இந்தக் கணக்கை மாற்றாது. ஆண்டுக்கு 15,000 கிலோமீட்டர், நூறு கிலோமீட்டருக்குப் பெரியது 9 லிட்டர், சிறியது 6 லிட்டர் என்று கொள்வோம். 2025 செப்டம்பர் இறுதியில் தொடங்கிய பூடி95 பெட்ரோல் மானியத் திட்டத்தின் 1.99 வெள்ளி விலையில் வித்தியாசம் ஆண்டுக்கு 900 வெள்ளிக்குச் சற்றுக் குறைவு. அப்போதைய மானியமில்லா விலையான 2.60 வெள்ளியில் 1,170. விலையை நிர்ணயிப்பது நம் கையில் இல்லை என்பதை டீசல் வண்டி வைத்திருந்தவர்கள் 2024 ஜூன் 10-ஆம் தேதி கற்றுக்கொண்டார்கள். ஒரே இரவில் 2.15 வெள்ளி 3.35 ஆனது.

ஆனாலும் எரிபொருள்கூட இந்தக் கணக்கில் சின்னத் தொகைதான். 130,000 வெள்ளிக் காடி ஐந்து ஆண்டில் தன் மதிப்பில் 40 விழுக்காடு இழந்தால் இழப்பு 52,000, ஆண்டுக்கு 10,400. அதே வீதத்தில் 60,000 வெள்ளிக் காடி இழப்பது ஆண்டுக்கு 4,800. பத்து விழுக்காடு முன்பணம் போக 117,000 வெள்ளியை ஆண்டுக்கு 3 விழுக்காடு நிலையான வட்டியில் ஒன்பது ஆண்டுக்கு எடுத்தால் வட்டி மட்டும் 31,590. மாதத் தவணை சுமார் 1,376 வெள்ளி. 2025-இல் நடைமுறைக்கு வந்த குறைந்தபட்ச மாதச் சம்பளம் 1,700 என்பதை அருகில் வைத்துப் பாருங்கள். முதல் குறையக் குறைய அந்த வட்டி குறைவதில்லை என்பதால் 3 விழுக்காடு என்று சொல்லப்படுவது உண்மையில் 5.5 விழுக்காட்டுக்கு நிகர். (இந்த இரண்டு எண்களையும் விற்பனையாளர் ஒரே தாளில் எழுதிக் காட்டுவது அரிது.) இப்போது எல்லாரும் அஞ்சும் கியர்பாக்ஸை எடுப்போம். கோளாறு வாய்ப்பு தாராளமாக 6 விழுக்காடு, செலவு 12,000 வெள்ளி, உத்தரவாதமே இல்லை என்று வைத்தாலும் ஒரு வண்டிக்குச் சராசரிச் சுமை 720 வெள்ளி. ஐந்து ஆண்டில் பகிர்ந்தால் ஆண்டுக்கு 144. விசாரணையெல்லாம் அந்த 144 வெள்ளிக்கு. மதிப்பிழப்பில் இரண்டு வண்டிகளுக்கும் இடையே ஆண்டுக்கு 5,600 வெள்ளி இருக்கிறது, அதைப் பற்றி ஊரில் ஒரு வார்த்தை இல்லை.

சராசரி பட்டறைக் கணக்கைக் கட்டாது, கோளாறு வந்தவர் கட்டுவது 144 அல்ல, முழு 12,000 என்று சொன்னால் அது வலுவான மறுப்பு. மாதக் கடைசியில் கையில் எதுவும் மிஞ்சாத குடும்பத்துக்கு நூற்றில் ஆறு என்ற வாய்ப்பே பெரிய ஆபத்து. ஆனால் அந்த ஆபத்துக்கு மருந்து ஊரைக் கேட்பதில் இல்லை, கையிருப்பில் இருக்கிறது. அந்தக் கையிருப்பைத்தான் 1,376 வெள்ளித் தவணை முதலில் விழுங்குகிறது. இங்கே காலம் இன்னொரு கண்ணியை வைத்திருக்கிறது. எந்திரங்களின் கோளாறு விகிதம் தொடக்கத்தில் சற்று உயர்ந்திருக்கும்; ஆலையின் குறைகள் வெளிப்படும் காலம் அது. பிறகு தாழ்ந்து நெடுநாள் சமமாகப் போகும். கடைசியில் தேய்மானம் ஏற மீண்டும் உயரும். ஐந்தாண்டு உத்தரவாதம் முதல் பகுதியையும் தாழ்ந்த நடுப்பகுதியையும் தழுவி நிற்கிறது. தயாரிப்பாளரின் கணிதம் அதில் தெளிவு. ஒன்பதாண்டுக் கடன் அதைத் தாண்டி, கோடு மேலே திரும்பும் ஆண்டுகளுக்குள் நுழைகிறது. ஆறாம் ஆண்டு முதல் முழுத் தவணையும் முழுப் பழுதும் ஒரே பையிலிருந்து போகின்றன. டர்போ, உயரழுத்தப் பம்ப், கியர்பாக்ஸின் மின்னணு மூளை, வெப்பத்தில் வாடும் பேட்டரி எல்லாம் வயதைக் காட்டத் தொடங்கும் ஆண்டுகளும் அவையே. பெரிய வண்டியில் இவை ஒவ்வொன்றும் பெரிய அளவிலோ கூடுதல் எண்ணிக்கையிலோ இருக்கின்றன.

குடும்பம் பெரியது, தாத்தா பாட்டியோடு ஏழு பேர், பத்துமலைக்கும் மலாக்கா மருத்துவமனைக்கும் எப்படிப் போவது என்பார்கள். அது உண்மையான தேவை. ஆனால் இருக்கை எண்ணிக்கைக்கும் எடைக்கும் உள்ள உறவு நாம் நினைப்பதைவிடத் தளர்வானது. பெரோடுவா அரூஸும் அல்சாவும் 1.5 லிட்டர், டர்போ இல்லாத எளிய எஞ்சினோடு ஏழு பேரை ஏற்றுகின்றன. அவற்றைவிட அரை டன் கூடுதலாக வாங்குபவர் வாங்குவது இருக்கையை அல்ல, அகலத்தையும் அமைதியையும் மதிப்பையும். மதிப்பு என்பதை நான் இளக்காரமாகச் சொல்லவில்லை. லயத்து வீட்டில் வளர்ந்த ஒரு தலைமுறை வாசலில் பெரிய காடியை நிறுத்துவதில் நியாயமான பெருமை உண்டு. அதற்கு ஆண்டுக்கு எவ்வளவு கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். பாதுகாப்பு என்ற வாதம் இன்னும் நுட்பமானது. இரண்டு வண்டிகள் மோதினால் கனத்த வண்டியில் இருப்பவருக்கு வேகமாற்றம் குறைவு, எனவே அடி குறைவு. நியூட்டன் அதை எப்போதோ தீர்த்துவிட்டார். சாலைப் பாதுகாப்பு ஆய்வுக் கழகமான மிரோஸ் மலாக்காவில் வைத்துள்ள மோதல் சோதனைக்கூடம் ஆசியான் என்கேப் திட்டத்துக்குச் செய்யும் முன்பக்கச் சோதனையில் 64 கிலோமீட்டர் வேகத்தில் வண்டி ஒரு தடுப்பின்மீது மோதுகிறது. சிறிய மைவியும் பெரிய எக்ஸ்70-உம் ஐந்து நட்சத்திரம் பெற்றவைதாம். தடுப்பில் மோதும்போது வண்டி தன் சொந்த எடையோடுதான் போராடுகிறது. அதனால் அந்த நட்சத்திரங்கள் ஒரே எடை வகுப்புக்குள் ஒப்பிடத்தக்கவையே தவிர, சிறியதும் பெரியதும் நேருக்கு நேர் மோதினால் என்ன ஆகும் என்று சொல்வதில்லை. அதில் பெரிய காடிக்குச் சாதகம் இருப்பதை மறுக்க முடியாது. ஆனால் இந்நாட்டுச் சாலை மரணங்களில் 60 விழுக்காட்டுக்கு மேல் மோட்டார்சைக்கிளில் போகிறவர்கள். கூடுதல் எடை உள்ளே இருப்பவரைக் காக்கும் அதே நொடியில் எதிரே வருபவர்மேல் இறங்குகிறது. காலையில் வேலைக்குப் போக அதே வீட்டுப் பையனே மோட்டார்சைக்கிளில் வந்துகொண்டிருப்பான்.

மின்காடி வந்தால் எண்ணெயும் கிளட்சும் இல்லை, பிரேக்கில் வீணாகும் ஆற்றலில் ஒரு பங்கு பேட்டரிக்குத் திரும்பும் என்பதெல்லாம் சரி. எடை குறையாது, பேட்டரியால் ஏறும். டயரும் புஷ்ஷும் மதிப்பிழப்பும் அப்படியே இருக்கும்.

புதியதே வேண்டாம், பத்து வயதான பெரிய காடியைக் குறைந்த விலையில் பிடிக்கலாம் என்பது இளைஞர்களைக் கவரும் வழி. முதல் உரிமையாளர் மதிப்பிழப்பை ஏற்கெனவே சுமந்துவிட்டார் என்ற அளவில் அதில் அறிவும் இருக்கிறது. ஆனால் பழசாகும்போது குறைவது வண்டியின் விலை மட்டும். ஒரு லட்சத்து எண்பதாயிரத்துக்கு விற்ற ஐரோப்பியக் கிராஸ்ஓவர் இன்று முப்பதாயிரத்துக்குக் கிடைத்தாலும் அதன் சஸ்பென்ஷனும் டர்போவும் அந்த ஒரு லட்சத்து எண்பதாயிரத்துக்கு ஏற்ற விலையில்தான் வரும். சாலை வரியும் எஞ்சினின் அளவுக்குத்தான், வண்டியின் வயதுக்கல்ல. பொருளியல் அறிஞர் ஜார்ஜ் ஏகர்லோஃப் 1970-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை பழைய கார்ச் சந்தையைத்தான் எடுத்துக்காட்டாக எடுத்தது. வண்டியின் நிலை விற்பவருக்குத் தெரியும், வாங்குபவருக்குத் தெரியாது. எனவே வாங்குபவர் சராசரி விலைக்கு மேல் தரமாட்டார், நல்ல வண்டி வைத்திருப்பவர் அந்த விலைக்கு விற்கமாட்டார், சந்தையில் மிஞ்சுவது யாரும் வைத்துக்கொள்ள விரும்பாதவை. இந்த இருட்டைக் கொஞ்சம் விலக்குவது சர்வீஸ் பதிவு ஒன்றே. எஞ்சின் எண்ணெய் எந்த மாதம் மாற்றப்பட்டது, கியர்பாக்ஸ் எண்ணெய் ஒரு முறையாவது மாற்றப்பட்டதா, ஆண்டுக்கு ஓடிய தூரம் என்ன, நெடுஞ்சாலையிலா பள்ளி வாசலிலா என்று கேட்டு முத்திரையோடு சரிபார்க்கலாம். அப்படிப் பதிவுள்ள வண்டிக்கு இரண்டாயிரம் வெள்ளி கூடுதலாகக் கேட்டால், பேரம் பேசாமல் கொடுத்துவிடலாம்.